செனட் ஹவுசும் எங்க ஊர்க் காளவாசலும்

பாரம்பரியக் கட்டடம் என்று பேர் வைத்துப் பாதுகாக்கிற சில இடங்களில் 'சுவரைத் தொடாதீர்கள்' என்று போர்டு தொங்கும். வாசிக்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வந்துவிடும். சுண்ணாம்பைச் சுட்டு, நீத்து, அரைத்து, சட்டியில் அள்ளிச் சாரத்தில் ஏற்றி, உள்ளங்கை வெந்து போகிற வரை தேய்த்து அந்தச் சுவரை வழவழப்பாக்கின கை ஒன்று இருந்ததே, அது தொட்டபோது இந்த போர்டு எங்கே இருந்தது?

கோபத்தோடு தொடங்கிவிட்டேன். விசயத்துக்கு வருகிறேன்.

எங்கய்யா சுண்ணாம்புக் காளவாசலில் வேலை பார்த்தவர். ஆத்தா சித்தாள். ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் ராஜபாளையத்துக்கும் நடுவுல இருக்கிற காலனி எங்களுடையது. அய்யா வெத்தலை போட டப்பியில் சுண்ணாம்பு தேட வேண்டியதில்லை, நகக்கண்ணிலேயே இருக்கும். அவர் கைரேகை பாதி அழிந்து போயிருந்தது. இதை ஏன் சொல்கிறேன் என்றால், சென்னைப் பல்கலைக்கழகத்து செனட் ஹவுசை நான் பார்த்த விதத்துக்கு இதுதான் காரணம். 150ஆம் ஆண்டை ஒட்டி அதை 2006இல் புதுப்பித்திருந்தார்கள். அதற்கப்புறம் ஒரு தடவை சேப்பாக்கம் பக்கம் வேலையாகப் போனவன் சும்மா அதன் முன்னாடி நின்றேன். நாலு மூலைக் கோபுரம், வெங்காயக் குவிமாடம், வண்ணக் கண்ணாடி எல்லாம் இருந்தது. என் கண் போனது காரைக்குத்தான். உச்சி வெயிலில் சுவர் ஜில்லென்று இருந்தது. எங்கய்யா இருந்திருந்தால் ஒரு விரலால் தட்டிப் பார்த்துவிட்டு 'நல்லா அரைச்ச சாந்து' என்று சொல்லியிருப்பார்.

ஊருக்கு வந்து அந்தக் கட்டடத்தைப் பற்றி எழுதப்பட்டதை எல்லாம் தேடித் தேடி வாசித்தேன். நான் விமர்சனம் செய்ய நினைப்பது அந்த எழுத்தைத்தான். எந்தப் புத்தகத்தை எடுத்தாலும் கதை ஒரே மாதிரி ஓடும். 1857இல் பல்கலைக்கழகம் பிறந்தது. 1864இல் கட்டடத்துக்கு வரைபடப் போட்டி அறிவித்தார்கள். ராபர்ட் சிஷோம் ஜெயித்தார். 1874இல் வேலை தொடங்கியது, 1879இல் முடிந்தது. அப்புறம் பக்கம் பக்கமாக பாணி பற்றிய பேச்சு: இந்தோ சாரசெனிக், பைசாந்தியம், வளைவு, தூண் தலைப்பு. எஸ். முத்தையாவின் 'மெட்ராஸ் டிஸ்கவர்டு' 1981இல் வந்தது. 1991இலிருந்து 'மெட்ராஸ் மியூசிங்ஸ்' பத்திரிகை வந்தது. அந்த மனிதர் இல்லாவிட்டால் இன்னும் பத்துக் கட்டடம் தரைமட்டமாகியிருக்கும். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அவர் போட்ட தடத்தில் நடக்கிற பாரம்பரிய எழுத்துக்கு ஒரு இலக்கணம் உண்டு. அதில் எழுவாய் எப்போதும் ஒரு கவர்னர், ஒரு இன்ஜினியர், ஒரு நன்கொடையாளர். 'சிஷோம் கட்டினார்' என்று வாக்கியம் முடிந்துவிடும். சிஷோம் சுண்ணாம்பு குழைக்கவில்லை. வரைந்தார். அழகாகத்தான் வரைந்தார். வரைந்தவனுக்குப் பேர், குழைத்தவனுக்குக் கூலி என்பது மனுதர்மம் காலத்துக் கணக்கு. அதை இங்கிலீஷில் எழுதினால் பாரம்பரியம் ஆகிவிடுமா?

1874, 1879 என்கிற இரண்டு வருசங்களையும் மறுபடி வாசியுங்க. நடுவுல என்ன இருக்கு? தாது வருசப் பஞ்சம். 1876லிருந்து 78 வரை தென்னிந்தியாவில் 50 லட்சம் பேருக்கு மேல் செத்துப்போன பஞ்சம். சேப்பாக்கத்தில் குவிமாடம் ஏறிக்கொண்டிருந்த அதே மாதங்களில் சனங்கள் கஞ்சித்தொட்டிக்கு நடந்து நடந்து ரோட்டோரத்தில் விழுந்தார்கள். ரிச்சர்டு டெம்பிள் என்கிற துரை 1877இல் வந்து பஞ்ச வேலைக் கூலியைக் குறைத்தான்: நாள் முழுக்க மண் சுமக்கிற ஆம்பிளைக்கு ஒரு பவுண்டு தானியம், அதோடு ஓரணா. செனட் ஹவுசிலிருந்து கொஞ்ச தூரம் நடந்தால் பக்கிங்காம் கால்வாய் வரும், இப்போது பறக்கும் ரயில் தூண்கள் நிற்கிற அந்தச் சாக்கடை. கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கிற அதன் துண்டை 1877-78இல் பஞ்ச வேலையாக வெட்டியவர்கள் இந்தப் பட்டினிச் சனங்கள்தான். பஞ்சத்தில் முதலில் விழுந்தவர்கள் நிலமில்லாத கூலிகள். நிலமில்லாத கூலிகள் யார் என்று இந்த இதழ் வாசிக்கிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கால்வாய்க்கு மட்டும் கவர்னர் பக்கிங்காம் பிரபு பேர்.

கட்டட வரலாறும் பஞ்ச வரலாறும் வேறு வேறு அலமாரியில் இருக்கின்றன. ஒன்று கலை, இன்னொன்று பொருளாதாரம். இரண்டையும் ஒரே மேசையில் விரித்து வாசிக்கிற வேலையை பாரம்பரியக்காரர்கள் செய்ய மாட்டார்கள். நாம்தான் செய்யணும்.

சிஷோமுக்கு இந்த ஊர்க் கைவேலை எங்கே பழக்கமானது என்று பார்த்தால் கதை எங்க பக்கம் திரும்புகிறது. நேப்பியர் கவர்னராக இருந்த காலத்தில் (1866-72) மதுரைத் திருமலை நாயக்கர் அரண்மனையைப் பழுதுபார்க்கும் வேலை சிஷோமிடம் வந்தது. அங்கே இருப்பது செங்கல்லும் சுண்ணாம்புச் சுதையும். கல் மாதிரி மின்னுகிற தூண்கள் கல் கிடையாது, காரை. அதே திருமலை நாயக்கர் பேரில் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு சின்ன அரண்மனை இருக்கிறது. ரொம்ப காலம் கோர்ட்டாக இருந்த கட்டடம். சின்ன வயசில் ஆத்தாவோடு ஒரு கேசுக்காக அங்கே போயிருக்கிறேன். எங்க சனம் அரண்மனைக்குள் போக ஒரே வழி குற்றவாளியாகவோ சாட்சியாகவோ போவதுதான் போலிருக்கிறது.

ஊரில் இன்னொரு பெரிய கட்டடம் ஆண்டாள் கோயில் ராஜகோபுரம். பதினொரு நிலை, 192 அடி. தமிழ்நாட்டு அரசு முத்திரையில் இருப்பது இந்தக் கோபுரம்தான் என்று எங்க ஊரில் சின்னப்பிள்ளைகூடச் சொல்லும். முத்திரையை 1949இல் வரைந்த ஓவியர் கிருஷ்ணாராவ் மதுரை மேற்குக் கோபுரத்தைப் பார்த்துத்தான் வரைந்தேன் என்று சொன்னதாக ஒரு வழக்கு உண்டு. ரெண்டு ஊர்க்காரர்களும் சண்டை போட்டுக்கொள்ளட்டும். எனக்குத் தைப்பது வேறு. என் சாதிச் சான்றிதழின் உச்சியிலும் அந்தக் கோபுரம்தான் இருக்கிறது. எங்க பாட்டன் காலத்தில் எந்தக் கோபுரத்தை எட்ட நின்று பார்த்தார்களோ, அதன் படத்துக்குக் கீழேதான் 'இவர் ஆதிதிராவிடர்' என்று தாசில்தார் கையெழுத்துப் போடுகிறார். மீனாட்சி கோயிலுக்குள் நம் சனம் நுழைந்தது 1939 ஜூலை 8. மாகாணம் முழுக்க அதைச் சட்டமாக்க 1947 வரை ஆனது. கோபுரத்தின் சுதையில் கை வைத்தவர்களுக்கு வாசலில் கால் வைக்க அத்தனை காலம்.

அதனால்தான் 'பாரம்பரியம்' என்ற சொல்லை நான் சந்தேகத்தோடு எடுக்கிறேன். நமக்குப் பாரம்பரியமாக வந்தது என்ன? தப்பு, துட்டி சொல்லப் போகிற வேலை, செத்த மாடு, காளவாசல். அதைப் பாதுகாக்க யாரும் கமிட்டி போடவில்லை. அதை விட்டு ஓடி வந்ததைத்தான் நாம் விடுதலை என்கிறோம். ஆகவே ஒரு சுண்ணாம்புச் சுவரைப் பார்த்து 'ஆகா, மரபுத் தொழில்நுட்பம்' என்று உருகுகிறவர்களோடு என்னால் சேர்ந்து உருக முடியாது. சுட்ட சுண்ணாம்பில் தண்ணி ஊற்றினால் அது கொதிக்கும். தெறித்தால் கண் போகும். எங்க சின்னையாவுக்கு இடது கண் அப்படித்தான் போனது.

சின்னையாவைப் பற்றிச் சொல்லத்தான் இவ்வளவு சுற்றி வந்தேன்.

ராஜபாளையத்துக்காரர்களுக்கு சிமெண்ட் என்றால் சொந்த ஊர்ச் சரக்கு. பி.ஏ.சி. ராமசாமி ராஜா குடும்பத்து மெட்ராஸ் சிமெண்ட்ஸ் 1960களின் தொடக்கத்தில் விருதுநகர் பக்கம் ஆலையை ஓட்ட ஆரம்பித்தது. 1970இல் ஆலங்குளத்தில் அரசு சிமெண்ட் ஆலை வந்தது. இந்த மண்ணுக்கு அடியில் இருக்கிற சுண்ணாம்புக்கல்தான் ரெண்டுக்கும் தீனி. அதே கல்லை நம்பித்தான் காளவாசலும் இருந்தது. சிமெண்ட் மூட்டை தெருவுக்குத் தெரு வந்ததும் காளவாசல் ஒவ்வொன்றாக அணைந்தது. காரை வீடு கட்டச் சொல்லி ஆள் வரவில்லை. அரைக்கிற செக்குக்கல் காட்டில் கிடந்தது. எங்க பிள்ளைகள் அதன்மேல் உட்கார்ந்து சீட்டு விளையாடியது. எங்கய்யா அதற்காக அழவில்லை. 'விட்டுச்சு சனியன்' என்றார். சின்னையா கொத்து வேலைக்கு மாறினார். சிமெண்ட் கலவை போட அவருக்கு எவனும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை, அதில் சொல்லித்தர என்ன இருக்கிறது.

அப்புறம் ஒரு நாற்பது வருசம் கழித்து மெட்ராசிலிருந்து ஆள் தேடி வருகிறார்கள்.

காரணம் இதுதான். பழைய சுண்ணாம்புக் கட்டடங்களை இருபதாம் நூற்றாண்டு முழுக்க சிமெண்டை அப்பித்தான் பழுது பார்த்தார்கள். சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை வாங்கும், விடும். அதன்மேல் சிமெண்ட் பூசினால் ஈரம் உள்ளே மாட்டிக்கொள்ளும். உப்பு பூக்கும், செங்கல் பொரிந்து மாவாகக் கொட்டும். மேலே பார்த்தால் கெட்டியாக இருக்கும், தட்டினால் பொத்தென்று சத்தம் வரும். பழைய கட்டடத்தைக் காப்பாற்றணும் என்றால் சிமெண்டைச் செதுக்கி எறிந்துவிட்டு மறுபடி சுண்ணாம்புதான் பூசணும். 2012 ஜனவரியில் சேப்பாக்கத்து கலச மகால் எரிந்து, தீயணைக்கப் போன அதிகாரி ஒருவர் செத்துப்போனாரே, அதற்கப்புறம் அந்த அரண்மனையைத் திருப்பி நிறுத்தியதும் சுண்ணாம்பால்தான். சரி, சுண்ணாம்பு வேணும். தெரிந்தவன் யார்? ஆர்க்கிடெக்ட் படித்த பிள்ளைகளுக்குத் தெரியாது, பாடத்தில் இல்லை. இளவட்டக் கொத்தனுக்கும் தெரியாது. அறுபது வயசு, எழுபது வயசு ஆட்கள் எங்கே மிச்சம் இருக்கிறார்களோ அங்கேதான் போகணும்.

சின்னையா போனார். எந்தக் கட்டடம் என்பதை இங்கே எழுதப்போவதில்லை. எந்த இடத்துக்கும் பொருந்துகிற கதை. நான் லீவு போட்டுப் பார்க்கப் போனேன். பெரிய தொட்டி கட்டி நீத்த சுண்ணாம்பை வாரக்கணக்கில் ஊறப் போட்டிருந்தார்கள். கடுக்காயும் வெல்லமும் தனித்தனிப் பீப்பாயில் புளித்துக்கொண்டிருந்தது, ஈ மொய்க்கிற புளிச்ச வாடை. செக்குக்குப் பதில் மோட்டார் போட்ட அரவை மிசின். சின்னையா அரைத்த சாந்தில் ஒரு சிட்டிகை எடுத்து ரெண்டு விரலுக்கு நடுவுல தேய்ப்பார். 'நறநறங்குது, இன்னும் ஓட்டு' என்பார். கண்ணாடி போட்ட ஒரு இன்ஜினியர் அம்மா நோட்டில் எத்தனை நிமிசம் என்று எழுதிக்கொள்வார். 'நிமிசத்துல இல்ல தாயி, வெண்ணெ மாதிரி வரணும்' என்றார் இவர். அந்த அம்மா நல்ல பிள்ளை, அதையும் எழுதிக்கொண்டது.

சாயங்காலம் அவருடைய வேலை அட்டையை வாங்கிப் பார்த்தேன். 'சாதாரண ஆள்' என்று போட்டிருந்தது. மோட்டார் மிசின் ஓட்டுகிற பையன் 'திறன் பெற்றவர்'. சிமெண்ட் கொத்தனார் 'திறன் பெற்றவர்'. அந்த இடத்திலேயே கலவை தெரிந்த ஒரே மனிதர் சாதாரண ஆள், ஏனென்றால் சுண்ணாம்பு வேலைக்கென்று அவர்கள் ரிஜிஸ்தரில் ஒரு வகையே கிடையாது. வாசலில் பெரிய பலகை வைத்திருந்தார்கள். இலாகா பேர், ஆலோசகர் பேர், காண்டிராக்டர் பேர், மதிப்பீட்டுத் தொகை.

நான் கொதித்துப் போய், 'உங்க பேரையும் அதுல போடச் சொல்லி எழுதுறேன் சின்னையா' என்றேன். அவர் என்னைப் பார்த்த பார்வை இருக்கே. 'பேரை வச்சு நாக்கு வழிக்கவா? வகையை மாத்தச் சொல்லி எழுதுடா. நாளைக்கு முந்நூறு ரூவா வித்தியாசம் வருது.'

நான் எம்.ஏ. படித்தவன், அடையாளம், பிரதிநிதித்துவம் என்று பேசுகிறவன். அவர் கணக்குப் போட்டுப் பேசினார். ரெண்டும் வேண்டும் என்று இப்போதும் நினைக்கிறேன். ஆனால் எது முதலில் என்பதில் அவர் சொன்னதுதான் சரி.

இந்தக் கட்டுரையின் முதல் வடிவத்தைத் தோழர்கள் சிலரிடம் வாசித்துக் காட்டினேன். ஒருவர் கேட்டார்: 'வெள்ளைக்காரன் கட்டி, பார்ப்பான் உட்கார்ந்து பட்டம் கொடுத்த கட்டடம். இடிஞ்சா இடியட்டுமே, நமக்கென்ன?' ஒரு காலத்தில் நானும் இப்படிப் பேசியிருக்கிறேன். பேசும்போது நல்லாத்தான் இருக்கும்.

ஆனால் யோசித்துப் பாருங்க. 1935ஆம் வருசச் சட்டப்படி தேர்தல் நடந்து, சென்னை மாகாணச் சட்டசபை 1937 ஜூலையில் முதன்முதலாகக் கூடியது அதே செனட் ஹவுசில். வி.ஐ. முனுசாமிப் பிள்ளை மந்திரியாக உட்கார்ந்திருந்த சபை அது. எம்.சி. ராஜா உறுப்பினராக இருந்த சபை அது. சமூக இழிவுகளை நீக்குவதற்கு எம்.சி. ராஜா கொண்டுவந்த மசோதா அடுத்த வருசம், 1938இல், சட்டமானது. அதற்கும் முன்னால், 1924இல், பொதுச் சாலையிலும் கிணற்றிலும் பொதுக் கட்டடத்திலும் நம் சனம் புழங்கலாம் என்று இரட்டைமலை சீனிவாசன் சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்து நிறைவேற்ற வைத்தார். அரசு அதை ஆணையாகப் போட்டது. ஒரு பொதுக் கட்டடத்துக்குள் நுழைய நமக்கு ஒரு அரசாணை தேவைப்பட்டது. அப்படி நுழைந்த வாசல்களில் ஒன்றை 'இடியட்டும்' என்று நாமே சொன்னால், நாம் அங்கே நுழைந்ததற்கு எதை வைத்துச் சாட்சி சொல்வது? சிஷோமுக்கு வரைபடம் இருக்கிறது. நமக்குப் படிக்கட்டு மட்டும்தான்.

வேறு எத்தனை இடம் நம்மிடம் மிச்சம் இருக்கிறது? அயோத்திதாசப் பண்டிதர் 1907இல் ராயப்பேட்டையிலிருந்து 'ஒரு பைசாத் தமிழன்' நடத்தினார். அந்த அச்சுக்கூடத்தைக் காட்டி 'இங்கேதான்' என்று சொல்ல ஒரு பலகை உண்டா? சைதாப்பேட்டை எம்.சி. ராஜா விடுதியில் தங்கி நம் பிள்ளைகள் எத்தனை தலைமுறை படித்தார்கள். 2025இல் அங்கே புதிய அடுக்குமாடி திறந்தார்கள், நல்லது, வேண்டியதுதான். ஒழுகுகிற கூரையைப் பாரம்பரியம் என்று சொல்லி யாரும் பாதுகாக்க வேண்டாம். ஆனால் கல்லூரி வளாகத்துக் குவிமாடத்தில் ஒரு விரிசல் விட்டால் பத்திரிகையில் படம் போட்டு எழுதுகிற கூட்டம், நம் விடுதிச் சுவர் விரிசல் விட்டபோது எங்கே இருந்தது என்பதையும் கேட்கத்தான் வேண்டியிருக்கிறது. 1995 ஆகஸ்ட் 31ஆம் தேதி கொடியன்குளத்தில் பட்டப்பகலில் போலீஸ் வீடு வீடாகப் புகுந்து அடித்து நொறுக்கியதைப் பார்த்த தலைமுறை நாம். நம் வீடு உடைக்கிற பொருள், அவர்கள் மண்டபம் காக்கிற பொருள் என்று ரெண்டு சட்டம் நடக்கிறது. தமிழ்நாடு மரபுச் சின்ன ஆணையச் சட்டம் என்று 2012இல் ஒன்று போட்டார்கள். அதன் பட்டியலில் சேரியிலிருந்து ஒரு சுவர், ஒரு கிணறு, ஒரு இரவுப் பள்ளிக்கூடம் ஏறுமா என்று நாம் போய்க் கேட்டிருக்கிறோமா? அதுவும் இல்லை.

ஆகவே செனட் ஹவுஸ் நிற்கட்டும். நன்றாகச் சுண்ணாம்பு பூசி நிற்கட்டும். அங்கே வருகிற மாணவனுக்குக் கட்டின வருசத்தைச் சொல்லும்போது பஞ்சத்தின் வருசத்தையும் சொல்லட்டும். கால்வாய் வரை நடத்திக் கூட்டிப்போய்க் காட்டட்டும். வரலாற்றுத் துறையில் படிக்கிற நம் பிள்ளைகளுக்கு ஒரு வேண்டுகோள்: பொதுப்பணித் துறையின் பழைய கணக்குகளில், கூலிப் பட்டியலில், ஒப்பந்தக் கோப்புகளில் உட்காருங்க. இங்கிலீஷ் பேர் கண்ணில் பட்டால் தாண்டிப் போங்க. மேஸ்திரிகளின் பேர், சாதி, ஊர், ஆண் கூலி, பெண் கூலி இதைக் குறித்து வாருங்க. பெண் கூலியை ஏன் தனியாகச் சொல்கிறேன் என்றால், அந்தக் காலத்து மெட்ராஸ் மாடிகள் எல்லாம் பொம்பளைகள் அடித்தவை. தேக்குச் சட்டத்தின்மேல் செங்கல்லைக் குத்தாக வைத்து, மேலே செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கொட்டி, வரிசையாக உட்கார்ந்து கடுக்காய்த் தண்ணி தெளித்துக் கட்டையால் நாள்கணக்கில் அடிப்பார்கள். ஆத்தா சின்னப்பிள்ளையாக இருந்தபோது அப்படி ஒரு மாடி அடிக்கப் போயிருக்கிறாள். 'அடிச்சு அடிச்சு ராத்திரி கஞ்சிச் சட்டியத் தூக்க முடியாது' என்பாள். ஒழுகாத மாடி என்று பாரம்பரியக்காரர்கள் மெச்சுகிற அந்தத் தளத்தின் நுட்பம் எங்க ஆத்தாவின் தோள்பட்டையில் வாதமாக இருந்தது.

சின்னையாவுக்காக மனு எழுதிக் கொடுத்தேன். சுண்ணாம்புச் சாந்து அரைவை, பூச்சு, மெருகு மூன்றையும் திறன் வேலையாகக் கணக்கில் எடுக்கணும். நீத்துகிறவர்களுக்குக் கண்ணாடியும் கையுறையும் தரணும். கூடவே ரெண்டு பேரைச் சம்பளம் கொடுத்துப் பழக்கணும் என்று மூணு கோரிக்கை. கையுறை மட்டும் வந்தது. ஒரு ஜோடி, எல்லோருக்கும் சேர்த்து.

எங்க தெருவிலிருந்து மூணு பையன்கள் அவரோடு பழகப் போனார்கள். ரெண்டு பேர் ஒரே மாசத்தில் திரும்பி வந்துவிட்டார்கள். திருப்பூருக்குப் போனால் அதைவிடக் கூடக் கிடைக்கிறது, கையும் வேகாது என்றார்கள். அவர்களைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. மூணாவது பையன் இன்னும் அங்கேதான் இருக்கிறான். போன வாரம் போன் பண்ணினான். அட்டையில் அவனுக்கும் சாதாரண ஆள்தான்.